பிப்ரவரியில் இங்கே அறுவடை

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். நானும் அம்மாவும் நலம். போன ஞாயிற்றுக்கிழமை இரண்டு பேரும் ஒரு டூர் போய் வந்தோம். தேவனஹள்ளி கோட்டை, முத்தேனஹள்ளி, நந்தி கிராமத்துக் கோயில், கடைசியாகத் தொட்டபள்ளாபுரம் பக்கத்தில் ஒரு திராட்சைத் தோட்டமும் அதை ஒட்டிய ஒயின் தொழிற்சாலையும். காலையில் பெங்களூர் எம்.ஜி. ரோட்டில் வேனில் ஏற்றிக்கொண்டு, இருட்டியதும் அங்கேயே இறக்கிவிடுகிறார்கள். கூடவே ஒரு கைடு. போனில் சொன்னால் பாதியில் உனக்கு வேலை வந்துவிடும். அதனால்தான் எழுதுகிறேன். ராத்திரி சாப்பிட்டுவிட்டு நிதானமாகப் படி.

போனதற்குக் காரணமே நீதான். பிரான்சில், போர்தோவில் நீ செய்கிற ஒயின் வேலையை நான் கண்ணால் பார்த்ததில்லை. நீ அனுப்புகிற போட்டோவில் கொடி தெரிகிறது, தொட்டி தெரிகிறது, கம்பளித் தொப்பி போட்டுக்கொண்டு நீ நிற்பது தெரிகிறது. ஆனால் ஒரு தொழிலைப் போட்டோவில் பார்த்துப் புரிந்துகொள்ள முடியுமா? எச்.எம்.டி. ஃபேக்டரியில் லேத் பிடித்தவன் நான். கிட்டே போய் நிற்க வேண்டும், சத்தம் கேட்க வேண்டும், வாசனை தெரிய வேண்டும். அங்கே வந்து பார்க்க இப்போதைக்கு அம்மாவின் முட்டிவலி விடவில்லை. சரி, நம் ஊர்ப் பக்கத்தில் இருப்பதையாவது பார்த்துவிடுவோம் என்று கிளம்பினோம்.

தேவனஹள்ளி என்றால் நமக்கு ஏர்போர்ட்தான். உன்னை வழியனுப்பவும் கூட்டிவரவும் அந்தப் பக்கம் எத்தனையோ தடவை போயிருக்கிறோம், இன்னும் கொஞ்ச தூரம் போனால் கோட்டை இருக்கிறது என்று இறங்கிப் பார்த்ததில்லை. 1501-இல் மல்ல பைரே கவுடா மண்ணால் கட்டிய கோட்டை. அதைக் கல்கோட்டையாக்கியது ஹைதர் அலி. 1791-இல் ஆங்கிலேயத் தளபதி கார்ன்வாலிஸின் படை பிடித்துக்கொண்டது. திப்பு பிறந்த இடம் என்று ஒரு சின்ன கல் மண்டபமும் பலகையும் வைத்திருக்கிறார்கள். கோட்டைக்குள்ளே இன்றைக்கும் ஜனங்கள் குடியிருக்கிறார்கள். வாசலில் கோலம், கொடியில் துணி, நடுவில் வேணுகோபாலசாமி கோயில். அம்மாவுக்கு அங்கே ரொம்பப் பிடித்தது கோட்டை இல்லை, பம்ப்ளிமாஸ். கன்னடத்தில் சக்கோத்தா. தேவனஹள்ளி சக்கோத்தாவுக்குப் புவிசார் குறியீடு உண்டு என்று கைடு சொன்னதும், ஒன்றை வாங்கி வேனிலேயே உரித்து எல்லோருக்கும் சுளை கொடுத்துவிட்டாள்.

முத்தேனஹள்ளியில் எஞ்சினியர் விஸ்வேஸ்வரய்யா பிறந்த வீடு. கொஞ்ச நேரம்தான் நிறுத்தினார்கள், எனக்குப் போதவில்லை. வெள்ளம் ஏறினால் தானே திறந்து, வடிந்தால் தானே மூடும் மதகை அவர் வடிவமைத்து, 1903-இல் புனே பக்கத்தில் கடக்வாஸ்லா அணையில் பொருத்தினார்கள். கரண்ட் இல்லை, மோட்டார் இல்லை, தண்ணீரின் பாரமே வேலை செய்கிறது. நூறு வயது வரை வாழ்ந்த மனிதர், இந்தச் சின்ன ஊரில் பிறந்தவர். நீ வரும்போது அங்கே மட்டும் நாம் தனியாகப் போவோம்.

அப்புறம் நந்தி கோயில். நந்தி மலைக்கு விடியற்காலையில் பைக்கில் போகிற கூட்டத்தில் பாதிப் பேர் அடிவாரத்தில் இருக்கும் போக நந்தீஸ்வரர் கோயிலைப் பார்ப்பதே இல்லை. எனக்கு அது வருத்தமாக இருந்தது. 9-ஆம் நூற்றாண்டுச் சாசனங்களிலேயே பேசப்படும் கோயில் இது. பாணர், நொளம்பர், கங்கர், சோழர், ஹொய்சளர், விஜயநகரத்தார் என்று அந்தப் பக்கத்தை ஆண்டவர்கள் ஆளுக்கு ஏதோ ஒன்றைச் சேர்த்திருக்கிறார்கள். ஒரே அச்சில் வார்த்த மாதிரி இரண்டு சன்னதிகள் பக்கத்தில் பக்கத்தில் நிற்கின்றன. ஒன்று அருணாசலேஸ்வரர், இன்னொன்று போக நந்தீஸ்வரர். நடுவில் உமா மகேஸ்வரர், அதன் முன்னால் கறுப்புக் கல்லில் ஒரு கல்யாண மண்டபம். அருணாசலேஸ்வரர் குழந்தைப் பருவம், போக நந்தி இளமை, மலைமேல் இருக்கும் யோக நந்தி துறவு என்று கைடு சொன்னாள். அருணாசலேஸ்வரர் என்ற பேரைக் கேட்டதும் அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். திருவண்ணாமலைக்கே போன திருப்தி அவளுக்கு.

நான் பார்த்துக்கொண்டு நின்றது ஜன்னல்களை. ஒரே கல்லைத் துளைத்துச் செய்தவை. ஒன்றில் சிவன் ஆடுகிறார், ஒன்றில் எருமைத் தலைமேல் துர்க்கை நிற்கிறாள். உருவத்தைச் சுற்றி இருக்கும் வெற்றிடம் வழியாகத்தான் உள்ளே வெளிச்சம் போகிறது. மெல்லிய இடங்களில் என் விரல் கனம்தான் இருக்கும். எங்கேயும் விரிசல் விடாமல் உளியால் அந்த அளவுக்கு எடுப்பது எப்பேர்ப்பட்ட வேலை! ஒரு அடி கூடப் பட்டிருந்தால் மொத்தமும் போச்சு. அங்கே கைகூப்பி அமர்ந்த ஒரு சிலையை ராஜேந்திர சோழன் என்கிறார்கள். நான் அதைவிட அந்த ஜன்னலைச் செய்தவரின் பேர் தெரிந்தால் தேவலை என்று நினைத்தேன்.

பின்பக்கம் சிருங்கி தீர்த்தம் என்று ஒரு குளம், நாலு பக்கமும் படிக்கட்டு. தென்பெண்ணை அங்கேதான் பிறக்கிறது என்பது ஐதீகம். நம் தாத்தா வீட்டுக் கொல்லையில் இறங்கினால் கால் வைப்போமே, அதே ஆறு! நந்தி மலைப் பக்கம் கிளம்பி, பெங்களூருக்குக் கிழக்கே வந்து, ஓசூர், கிருஷ்ணகிரி, சாத்தனூர் அணை தாண்டி, திருக்கோவிலூரில் கபிலர் குன்றைச் சுற்றிக்கொண்டு கடலூர்ப் பக்கம் கடலில் சேர்கிறது. வழியில் நம் பெங்களூரின் சாக்கடையை எல்லாம் வாங்கிக்கொண்டு, ஓசூர் கெலவரப்பள்ளி அணையில் நுரை நுரையாகப் பொங்குகிறது. நாம் இங்கே குழாயைத் திறந்து கழுவிவிடுவது நம் சொந்த ஊருக்குத்தான் போகிறது. அதை நினைத்துக்கொண்டே படியில் உட்கார்ந்திருந்தேன். வேன்காரர் ஹார்ன் அடித்தபிறகுதான் எழுந்தேன்.

இனி உன் விஷயம்.

தொட்டபள்ளாபுரம் போகிற வழியெல்லாம் கல்தூண் நட்டு, மேலே கம்பி பின்னி, பந்தலில் திராட்சை. எல்லாம் பெங்களூர் ப்ளூ. சின்ன வயதில் தள்ளுவண்டியில் வாங்கி, தோலைத் துப்பிக்கொண்டே ஒரு பொட்டலத்தையும் காலி செய்வாயே, அதுதான். ஒயின் தோட்டம் அப்படி இல்லை. பந்தல் கிடையாது. இடுப்பு உயரத்தில் வரிசையாகக் கம்பி, அதில் கொடியை நிமிர்த்திக் கட்டியிருக்கிறார்கள். வேருக்குச் சொட்டுநீர். குரோவர் தோட்டம் அது. கன்வல் குரோவர் என்பவர் ஷாம்பெய்ன் பகுதியைச் சேர்ந்த ஜார்ஜ் வெசல் என்ற நிபுணரின் துணையோடு, பல பிரெஞ்சு ரகங்களை நட்டுப் பார்த்து, இந்த மண்ணில் எது தேறும் என்று கண்டுபிடித்து, 1988-இல் தொடங்கியது. சுமார் 900 மீட்டர் உயரம். பகலில் வெயில், ராத்திரியில் குளிர். அந்தக் குளிர்தான் பழத்தில் புளிப்பைக் காப்பாற்றுகிறதாம்.

தோட்டத்தைக் காட்டியவரிடம் நான் கேள்வி மேல் கேள்வி கேட்டேன். பெங்களூர் ப்ளூவில் ஏன் செய்வதில்லை என்றால், அதன் ஜாதியே வேறு, அந்த வாசனை ஜூஸுக்கும் ஜாமுக்கும் இனிப்பு ஒயினுக்கும்தான் ஒத்துவரும் என்றார். வருஷத்துக்கு எத்தனை கவாத்து, அதாவது கொடியை எத்தனை தடவை கத்தரிப்பார்கள் என்று கேட்டேன். இரண்டு என்றார். அதுதான் எனக்கு ஆச்சரியம். நீ இந்த மாசம் அங்கே குளிரில் நின்று செய்துகொண்டிருப்பது வருஷத்துக்கு ஒரே கவாத்து, கொடி தூங்கும்போது. இங்கே கொடிக்குத் தூக்கமே கிடையாது. அறுவடை முடிந்து ஏப்ரல் வாக்கில் ஒரு கவாத்து, அது கிளை தேற. மழை ஓய்கிற செப்டம்பர், அக்டோபரில் இன்னொன்று, அது காய்ப்புக்கு. மழையில் பழம் இருந்தால் பூஞ்சை பிடித்துவிடும். அதனால் பழம் வருகிற காலத்தையே கத்தரிக்கோலால் நகர்த்தி வைத்திருக்கிறார்கள். நான் நின்றபோது ஷிராஸ் என்ற சிவப்பு ஒயின் ரகத்தின் குலைகள் நன்றாகக் கறுத்திருந்தன. ஒரு மணியை வாயில் போடக் கொடுத்தார். சின்னது, விதை பெரிசு, தோல் கெட்டி, தித்திப்போ பல்லைக் கூசுகிறது.

உள்ளே தொட்டிகளைப் பார்த்ததும் எனக்குப் பழைய நாள் ஞாபகம் வந்துவிட்டது. நல்ல ஸ்டெயின்லெஸ் ஸ்டீல், வெல்டிங் சுத்தமாகத் தேய்த்திருக்கிறது. தொட்டிக்கு வெளியே இன்னொரு சுவர், நடுவில் குளிர்ந்த நீர் ஓடுகிறது. வெள்ளை ஒயினுக்குப் பழத்தை முதலில் பிழிந்து தோலை நீக்கிவிட்டு, சாற்றை மட்டும் 15 டிகிரி போல வைத்து மெதுவாகப் புளிக்க விடுகிறார்கள். சிவப்புக்குத் தோல், விதை எல்லாம் சேர்த்து ஊறவேண்டும், சூடும் அதிகம். பீப்பாய் அறையில் ஓக் வாசனை. ஒரு பீப்பாய் 225 லிட்டர், அது போர்தோ அளவு என்று அவர் சொன்னதும், என் மகள் அங்கேதான் இந்த வேலை செய்கிறாள் என்று சொன்னேன். அதற்கப்புறம் அவர் என்னிடம் பேசிய விதமே மாறிவிட்டது. ஆய்வுக்கூடத்துக்குள்ளேயே கூட்டிக்கொண்டு போனார். அங்கே உன் வயதுதான் இருக்கும், ஒரு கோலார்ப் பெண், பழச்சாற்றை ஒரு சொட்டு கண்ணாடியில் விட்டுச் சர்க்கரை அளவு பார்த்துக்கொண்டிருந்தாள். சர்க்கரை 22, 23 பிரிக்ஸ் (அதுதான் அதன் அளவுக் கணக்கு) வரட்டும் என்று காத்திருக்கிறார்களாம். அவள் கை வேலை செய்கிற நிதானத்தைப் பார்த்தபோது உன்னைத்தான் நினைத்தேன்.

சுவைக்கிற இடத்தில் அம்மாதான் எல்லோரையும் அசத்திவிட்டாள். குடிக்க மாட்டேன் என்று முதலிலேயே சொல்லிவிட்டாள். மோந்து பார்க்கலாம், தப்பில்லை என்று கைடு சொன்னதும் கிளாஸை வாங்கினாள். முதலில் சோவினியோன் பிளாங் என்ற வெள்ளை ஒயின். ஊற்றிக் கொடுத்த பையன் இன்னும் ஒன்றும் சொல்லவில்லை, அம்மா "குடைமிளகாய்" என்றாள். கொஞ்சம் கழித்து "கொய்யா கூட" என்றாள். அந்தப் பையன் பிரமித்துப்போனான். குடைமிளகாயில் இருக்கும் அதே பைரசின் என்ற வாசனைப் பொருள் இந்த ரகத்திலும் இருக்கிறதாமே. அடுத்து ஷிராஸ். இவள் உடனே "மிளகு". அதுவும் சரி! மிளகில் இருக்கும் ரோட்டண்டோன்தான் ஷிராஸிலும் இருக்கிறது என்றான். ஒரு வாய் ரசத்தில் உப்பு, புளி, பெருங்காயம் எது குறை என்று வாசனையிலேயே சொல்கிறவள் ஆயிற்றே. உன் மூக்கு எங்கிருந்து வந்தது என்று அன்றைக்குத்தான் எனக்குப் புரிந்தது. நான் ஒவ்வொன்றிலும் ஒரு வாய் வைத்து, அவர்கள் சொன்ன மாதிரி சுழற்றித் துப்பிவிட்டேன். சிவப்பில் அந்தத் துவர்ப்பு ஈறு முழுக்கப் பிடித்துக்கொண்டது. எனக்குப் பிடித்தது வெள்ளைதான்.

ஒன்றை வெளிப்படையாகச் சொல்கிறேன். குடியால் வீடு வாசல் போனவர்களை ஃபேக்டரியில் நிறையப் பார்த்தவன் நான். சம்பள நாளில் கேட் வாசலில் பெண்டாட்டிமார் வந்து நிற்பார்கள். அந்தப் பயம் எனக்கு இன்றைக்கும் உண்டு, என்றைக்கும் இருக்கும். நீயும் அதை மறக்கக் கூடாது. ஆனால் நீ செய்வது விவசாயம், ரசாயனம், இயந்திரம் மூன்றும் சேர்ந்த கஷ்டமான வேலை. கண்ணால் பார்த்துவிட்டுச் சொல்கிறேன். ஊரில் யாராவது "சாராயத் தொழிலா" என்று கேட்டால் பதில் சொல்ல நான் இருக்கிறேன். அதைப் பற்றி நீ ஒரு நிமிஷம் கூட யோசிக்க வேண்டாம்.

இப்போது நான் கேட்க வந்தது. உங்கள் அறுவடை செப்டம்பர், அக்டோபர். இங்கே பிப்ரவரி, மார்ச். இரண்டும் மோதவே மோதாது. அடுத்த வருஷம் ஒரே ஒரு அறுவடைக்கு இங்கே வந்து வேலை செய்து பார். திரும்பி வந்துவிடு என்று சொல்லவில்லை. அங்கே நீ கற்றுக்கொள்ள இன்னும் நிறைய இருக்கும். ஆனால் இங்கே இந்த வெயிலில், தூங்காத கொடியை வைத்துக்கொண்டு, ஆழ்குழாய்த் தண்ணீர் ஆயிரம் அடிக்குக் கீழே போய்விட்ட மண்ணில் இவர்கள் எப்படிச் செய்கிறார்கள் என்பதை அங்கே யாரும் உனக்குச் சொல்லித்தர முடியாது. விசாரித்தேன், அறுவடை சமயத்தில் வெளியிலிருந்து ஆள் எடுப்பது உண்டாம். அல்சூரிலிருந்து தினமும் போய்வருவது கஷ்டம். தொட்டபள்ளாபுரத்திலேயே ஒரு ரூம் பார்த்துக்கொள்ளலாம். ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்தால் போதும். உன் முதலாளியிடம் இப்போதே ஒரு வார்த்தை போட்டு வை. லீவு விஷயம் கடைசி நேரத்தில் பேசினால் நடக்காது.

அம்மா ஒன்று கேட்கச் சொன்னாள். குலையைச் சுற்றி இருக்கிற இலையைக் கிள்ளிவிட்டு வெயில் படவிட்டால் அந்தக் குடைமிளகாய் வாசனை குறையும் என்று தோட்டத்துக்காரர் சொன்னார். இங்கே வெயில் அதிகம், ரொம்பக் கிள்ளினால் பழம் வெந்துவிடுமாம். அங்கே நீங்கள் எந்தப் பக்கத்து இலையைக் கிள்ளுவீர்கள், காலை வெயில் படுகிற பக்கமா, சாயங்கால வெயில் படுகிற பக்கமா? விவரமாக எழுது.

அன்புடன்,
அப்பா