பாகப்பிரிவினை வழக்கு நடத்தும் வழக்கறிஞர்களுக்கு

வணக்கம்.

என் அத்தைக்கு அப்போது 84 வயது. தாத்தாவின் நிலத்தை அவர் பிள்ளைகள் வாய்மொழியாகப் பாகம் பிரித்தபோது கூட இருந்தவர்களில், உயிரோடு மிச்சம் இருந்தவர் அத்தை ஒருவர்தான். வழக்குப் போட்டு ஆறு வருஷம் கழித்துத்தான் அவரைச் சாட்சி சொல்ல அழைத்தார்கள். மூன்று வாய்தாவுக்கு வராண்டா பெஞ்சில் உட்கார்ந்துவிட்டுத் திரும்பினோம். நாலாவது தடவைதான் கூண்டேறினார்.

முதல் விசாரணையில் அத்தை சொல்ல வேண்டியது, பிரமாணப் பத்திரமாக எழுதித் தயாராக இருந்தது. "மேற்படி தாவா சொத்தானது" என்று ஆரம்பிக்கும் தமிழ். அத்தை வாழ்நாளில் அப்படிப் பேசியதே இல்லை. எதிர்த்தரப்பு வக்கீல் அதைத்தான் முதலில் பிடித்தார். "தாவா சொத்துன்னா என்னம்மா?" வழக்கில் இருக்கும் சொத்து என்று சொல்லத் தெரியாமல் அத்தை விழித்தார். அப்புறம், பாகம் எந்த வருஷம் நடந்தது என்று வக்கீல் கேட்டார்.

"தனுஷ்கோடி புயல் அடிச்சதுக்கு மறு வருஷம். பெரியவன் தவழ்ந்துகிட்டு இருந்தான்."

"கதை வேண்டாம். வருஷத்தைச் சொல்லுங்க."

தயங்கித் தயங்கி ஏதோ ஒரு எண்ணைச் சொன்னார். பதிவானது அந்த எண் மட்டும்தான். புயலும் இல்லை, தவழ்ந்த பிள்ளையும் இல்லை. அந்தப் புயல் அடித்தது 1964 டிசம்பரில். மறு வருஷம் என்றால் 1965. இதைவிடத் துல்லியமாக எப்படிச் சொல்வது? எங்கள் பக்கத்து வக்கீல்கூட எழுந்து, சாட்சி சொன்னபடியே பதியுங்கள் என்று கேட்கவில்லை. அந்தக் கோபம் எனக்கு இன்னும் போகவில்லை.

குறுக்கு விசாரணை பாதியில் நின்றது. அடுத்த வாய்தா போட்டார்கள். அதற்குள் அத்தை குளியலறையில் விழுந்தார். படுத்த படுக்கையில் ஞாபகமும் போனது. குறுக்கு விசாரணை முடியாத சாட்சியத்துக்கு என்ன மதிப்பு என்று நான் உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

இதில் எனக்கு ஆறவே ஆறாத விஷயம், சட்டம் ஏற்கெனவே வழி வைத்திருக்கிறது என்பதுதான். சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 18, விதி 16-இன்படி, தகுந்த காரணம் காட்டினால் வழக்கு தாக்கலான பிறகு எப்போது வேண்டுமானாலும் ஒரு சாட்சியை உடனே விசாரிக்கக் கேட்கலாம். கட்சிக்காரர் மட்டுமல்ல, சாட்சியே மனுப் போடலாம். நடமாட முடியாதவர் என்றால் ஆர்டர் 26, விதி 1 இருக்கிறது. சாட்சியை விசாரிக்க நீதிமன்றம் நியமிக்கும் கமிஷனர் வீட்டுக்கே வருவார். பதிவு பெற்ற மருத்துவரின் சான்றிதழை, அந்த மருத்துவரைக் கூண்டில் ஏற்றாமலேயே நீதிமன்றம் ஏற்றுக்கொள்ளலாம் என்றும் அதிலேயே எழுதியிருக்கிறது. இதையெல்லாம் அத்தை படுத்த பிறகுதான் நான் தெரிந்துகொண்டேன். ஆனால் எங்கள் வழக்குக் கட்டைக் கையில் வாங்கிய அன்றே இது உங்களில் ஒருவருக்குத் தெரிந்திருக்கும்.

வீட்டில் விசாரிப்பதிலும் ஒரு சிக்கல் உண்டு. பெரியவர் இருப்பது வழக்கில் உள்ள ஒருவர் வீட்டில்தான். சோறு போடுகிறவர் கதவோரம் நின்று ஜாடை காட்டினால் பாவம், பெரியவர் என்ன செய்வார்? சாட்சியின் கண்ணில் படாத இடத்தில் அந்த வீட்டுக்காரரை உட்காரச் சொல்லுங்கள். சாட்சி காது கேட்கும் கருவி போட்டிருக்கிறாரா என்று பார்த்துவிட்டு ஆரம்பியுங்கள். அத்தை பாதிக் கேள்விகளுக்குத் தலையாட்டியது கேட்காததால்தான். அதுவும் "சரிதான்" என்று பதிவாகிவிட்டது.

அடுத்த முறை பாகப்பிரிவினை வழக்கு என்று யாராவது வந்தால், பத்திரம், பட்டா கேட்பதற்கு முன்னால், அந்தக் குடும்பத்தில் விவரம் தெரிந்த பெரியவர் யார், அவருக்கு என்ன வயது என்று கேளுங்கள். எண்பது தாண்டியவர் என்றால் வழக்குப் போடும் பிராதோடு சேர்த்து, அவரை உடனே விசாரிக்கக் கேட்கும் மனுவையும் தயார் செய்யுங்கள். பிரமாணப் பத்திரத்தை அவர் பேசுகிற தமிழில் எழுதி, அவருக்கே வாசித்துக் காட்டுங்கள்.

இப்படிக்கு,
ஒரு சாட்சியைக் கைப்பிடித்துக் கூட்டி வந்தவன்