கோமதிக்கு, உஜி போய் வந்த பிறகு

கோவை
12.11.2025

அன்புள்ள கோமதி,

உன் கடிதம் தீபாவளி வாரத்திலேயே வந்திருக்கிறது. நான் அப்போது ஒசாகாவில் பிள்ளை வீட்டில் இருந்தேன். போன திங்கட்கிழமை ஊர் வந்து தபால் பெட்டியைத் திறந்தால் மின்கட்டண ரசீதுக்கும் கல்யாணப் பத்திரிகைக்கும் நடுவில் உன் கையெழுத்து. பையைக்கூடப் பிரிக்காமல் வாசற்படியில் உட்கார்ந்து படித்துவிட்டேன். உன் மாமியாருக்கு மூட்டு ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது பெரிய நிம்மதி. மூன்று மாதமாவது கம்பு கையில் இருக்கட்டும். அம்மா விஷயத்தில் நாங்கள் அவசரப்பட்டோம். பிறகு ரொம்பக் கஷ்டப்பட்டாள்.

யாழினியைப் பற்றி எழுதியிருந்ததைத்தான் திரும்பத் திரும்பப் படித்தேன். அனிமேஷன் படத்துக்கு இன்பிட்வீன் வேலை, ஒரு அசைவின் முக்கியப் படங்களுக்கு நடுவே வருவதையெல்லாம் வரைவது, ஃபிரேமுக்கு இவ்வளவு என்று கூலி, வீட்டிலிருந்தே வரையலாம், ஆபீசுக்கு வரவே வேண்டாம் என்கிறார்களாம். 'நாம் பட்டதை அவளும் படவேண்டுமா' என்று கேட்டிருக்கிறாய். அதற்குப் பதில் சொல்வதற்கு முன்னால் நான் போய்வந்த ஓர் ஊரைப் பற்றிச் சொல்ல வேண்டும். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்.

கியோத்தோவுக்குத் தெற்கே உஜி என்று ஒரு சின்ன ஊர். தேயிலைக்குப் பேர் போனது. பியோதோயின் கோயிலுக்குப் போகும் தெரு முழுக்க தேயிலை வறுக்கிற வாசனை. அந்தக் கோயிலைத்தான் ஜப்பானின் பத்து யென் நாணயத்தில் போட்டிருக்கிறார்கள். எல்லோரும் கோயிலுக்கும் தேநீருக்கும் போனார்கள். நான் பிள்ளையை இழுத்துக்கொண்டு கெய்ஹான் ரயிலில் கொஹாத்தா ஸ்டேஷனில் இறங்கினேன். வீடுகளும் சைக்கிள்களும் குட்டிக் கடைகளுமாக, நம் புறநகர் மாதிரி ஒன்றும் விசேஷமில்லாத இடம். அனிமேஷன் தொடர்களும் படங்களும் எடுக்கிற கியோத்தோ அனிமேஷன் கம்பெனியின் தலைமையகம் அங்கேதான் இருக்கிறது. இரண்டு நிமிஷம் எதிரே நின்றுவிட்டு நடந்துவிட்டேன். வேலை நடக்கிற இடத்தில் போய் நின்று பார்த்துக்கொண்டிருக்க மனம் வரவில்லை.

அந்தக் கம்பெனி எப்படி ஆரம்பித்தது தெரியுமா? யோகோ ஹட்டா என்று ஒரு பெண். டோக்கியோவில் காமிக்ஸ் மேதை ஒசாமு தெசூக்கா நடத்திய முஷி புரொடக்‌ஷனில் வரைந்த படங்களுக்கு வண்ணம் பூசும் பெயிண்டராக இருந்தவர். ஆமாம், நம் வேலைதான். கல்யாணமாகி உஜிக்கு வந்து சேர்ந்தார். தொழில் முழுக்க டோக்கியோவில், இவரோ ஐந்நூறு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் குறைவான தூரத்தில். 1981-இல் அக்கம்பக்கத்துக் குடும்பத்தலைவிகளைச் சேர்த்துக்கொண்டு, டோக்கியோ ஸ்டூடியோக்களிடமிருந்து செல் என்கிற ஒளி ஊடுருவும் தாள்களை வாங்கி வண்ணம் தீட்டிக் கொடுக்கத் தொடங்கினார். 1985-இல் அது முறையான கம்பெனியானது. கணவர் ஹிதேஆகி ஹட்டா தலைவரானார்.

நாம் வேலைக்குச் சேர்ந்தபோது எல்லாம் கம்ப்யூட்டருக்கு வந்துவிட்டது. மவுசால் ஒரு கிளிக், இடம் நிரம்பிவிடும். அந்தப் பெண்கள் செய்தது வேறு. வரைந்த கோட்டை ஒளி ஊடுருவும் தாளின் முன்பக்கத்தில் நகலெடுத்துக் கொடுப்பார்கள். வண்ணத்தைப் பின்பக்கம் பூச வேண்டும். அப்போதுதான் கோடு மேலே சுத்தமாக நிற்கும், தூரிகைத் தடமும் தெரியாது. கைரேகை படக்கூடாது என்று கையுறை. ஒரு வண்ணம் காய்ந்த பிறகுதான் பக்கத்து வண்ணம். இன்னொன்று கேள். கேமராவுக்கு அடியில் மூன்று நான்கு தாளை அடுக்கினால் கீழே இருப்பதன் நிறம் ஒரு இழை மங்கும். அதனால் ஒரே சட்டை என்றாலும், அந்தத் தாள் எத்தனையாவது அடுக்கில் போகப்போகிறது என்று பார்த்து வேறு வேறு சாயலில் பூசுவார்கள். சமையலறை வேலை முடிந்து வந்து உட்கார்ந்த பெண்களின் கண் அதையெல்லாம் பழகிக்கொண்டது. இதைப் படித்தபோது நம் பக்கத்து சீட் சாந்தி அக்கா நினைவுக்கு வந்தார். தோல் நிறத்தில் துளி மாறினாலும் 'இது நேத்து ஷாட்டுல வந்த பொண்ணு இல்லடி' என்பாரே!

பெயிண்டிங் எப்போதும் வரிசையில் கிட்டத்தட்ட கடைசி. கதை எழுதுபவர் இரண்டு நாள் தாமதித்தால், வரைபவர் நான்கு நாள் தாமதித்தால், அந்த ஆறு நாளையும் பெயிண்டர்தான் தன் தூக்கத்திலிருந்து எடுத்துக் கொடுக்க வேண்டும். அது உனக்கும் எனக்கும் யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. உஜிப் பெண்களின் வேலை சுத்தமாக இருந்தது, சொன்ன நாளில் போய்ச் சேர்ந்தது. அந்த நல்ல பேரால்தான் அடுத்தடுத்து வேலை வந்தது. மெல்ல இன்பிட்வீன் எடுத்தார்கள், பிறகு அசைவின் முக்கியப் படங்களான கீ ஃபிரேம், பிறகு மற்றவர்களின் தொடரில் ஒரு எபிசோடை முழுசாகவே செய்து கொடுப்பது. இனுயாஷா தொடரில்கூட அப்படிச் செய்திருக்கிறார்கள். தங்கள் பேரையே முன்னால் போட்டு ஒரு டிவி தொடர் எடுத்தது 2003-இல்தான். இருபத்திரண்டு வருஷம் கோமதி! அவ்வளவு காலம் அடுத்தவர் படத்துக்கு வேலை பார்த்துத் தங்கள் கையைத் தேற்றிக்கொண்டார்கள்.

கையைத் தேற்றிக்கொள்ள முடிந்ததற்குக் காரணம் சம்பளம். ஜப்பானில் இந்தத் தொழிலின் வழக்கம் வரைகிற ஒவ்வொரு படத்துக்கும் இவ்வளவு என்கிற கூலிதான். அனிமேஷன் கலைஞர்களின் சங்கம் 2015-இல் வெளியிட்ட கணக்குப்படி, இன்பிட்வீன் வரைபவரின் சராசரி ஆண்டு வருமானம் ஏறத்தாழ 11 லட்சம் யென். நம் காதுக்குப் பெரிதாகக் கேட்கும். டோக்கியோவில் அதை வைத்துக்கொண்டு வாடகை கொடுத்துச் சாப்பிட முடியாது. உஜியில் இவர்கள் ஆட்களை மாதச் சம்பளத்தில் நிரந்தர ஊழியராக வைத்தார்கள். சேர்வதற்கு முன்பே கற்றுக்கொள்ளத் தங்களுக்கென்று ஒரு பயிற்சிப் பள்ளியும் வைத்தார்கள்.

கூலிக்கு வரைகிற பிள்ளை ஒரு கையை மறுபடி வரைந்து பார்க்க மாட்டாள். அந்த நேரத்தில் இன்னும் இரண்டு ஃபிரேம் போட்டால் காசு. சம்பளத்துக்கு உட்கார்ந்திருப்பவள் அழித்துவிட்டு இன்னொரு முறை வரைவாள். பக்கத்து நாற்காலியில் மூத்தவர் ஒருவர் இருந்து, 'தோளைக் கொஞ்சம் முன்னால் கொண்டு வா' என்று சொல்ல அவருக்கும் நேரம் இருக்கும். உஜியில் அந்த மூத்தவர் யோஷிஜி கிகாமி. அகிரா என்கிற புகழ்பெற்ற படத்தில் கீ ஃபிரேம் வரைந்தவர். அவர் பேருக்கு டோக்கியோவில் எந்த வாசலும் திறந்திருக்கும். தொண்ணூறுகளில் இங்கே வந்தவர் கடைசிவரை இங்கேயே இருந்து பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தார்.

அந்தப் பழக்கத்தின் பலன் திரையில் தெரியும். 2006-இல் சுசுமியா ஹருஹி என்ற பெண்ணைப் பற்றிய தொடர் வந்தது. அதில் பள்ளி விழாவில் அந்தப் பெண் கிடார் வாசித்துப் பாடுகிற காட்சியை யாழினியோடு உட்கார்ந்து பார். விரல்கள் தந்திமேல் சரியான இடத்தில் விழும். பாடப் பாட நெற்றியில் வியர்வை, மூச்சு வாங்கும்போது கழுத்து. கடைகளில் பொம்மை விற்பதற்காக அவ்வளவு வரைய வேண்டியதே இல்லை. 2009-இல் கே-ஆன் தொடரை இயக்கிய நவோகோ யமதா அங்கேயே இன்பிட்வீன் வரையச் சேர்ந்து வளர்ந்த பெண். முகத்தைக் காட்டாமல் கால்களைக் காட்டி, இந்தப் பெண் இப்போது தயங்குகிறாள் என்று நமக்குப் புரிய வைத்துவிடுவார். 2016-இல் காது கேளாத ஒரு சிறுமியைப் பற்றிய படம் எடுத்தார். கோயே நோ கதாச்சி. அதில் சைகை மொழி பேசுகிற கைகளைப் பார்த்து நான் அழுதேன். கதைக்காகவும் அழுதேன், அந்தக் கைகளை வரைந்தவர்களுக்காகவும் அழுதேன்.

இன்னொரு காரியத்தையும் புத்தியாகச் செய்தார்கள். அங்கே ஒரு தொடருக்குப் பதிப்பகம், பாட்டுக் கம்பெனி, டிவி என்று பலர் சேர்ந்து பணம் போடுவார்கள். படம் ஓடினால் லாபமும் உரிமையும் அவர்களுக்கு. வரைந்துகொடுத்த ஸ்டூடியோவுக்குப் பேசிய தொகையோடு சரி. இவர்கள் 2009-இல் கதைப் போட்டி ஒன்றை ஆரம்பித்தார்கள். 2011-இலிருந்து தாங்களே புத்தகமும் போட்டார்கள். கதையும் தங்களுடையது, படமும் தங்களுடையது என்று ஆனது. அந்தப் போட்டியில் பெரும்பரிசு வாங்கிய முதல் கதைதான் 2018-இல் வயலட் எவர்கார்டன் தொடராக வந்தது. மற்றவர்களுக்காகக் கடிதம் எழுதித்தரும் ஒரு பெண்ணின் கதை. உனக்குப் பிடிக்கும்.

2015-இல் தங்கள் ஊரிலேயே நடக்கிற ஒரு கதையைத் தொடராக எடுத்தார்கள். ஹிபிகே யூஃபோனியம், உஜியில் ஒரு பள்ளிக்கூடத்து வாத்தியக் குழு. அதில் அகதா திருவிழா இரவில் கூட்டத்தை விட்டு விலகி இரண்டு பெண்கள் வாத்தியத்தைச் சுமந்துகொண்டு தாய்கிச்சி மலைக்கு ஏறுவார்கள். நானும் ஏறினேன். உஜிகாமி கோயிலுக்குப் பக்கத்திலிருந்து வளைந்து வளைந்து போகும் மண்பாதை. முழங்கால் வலியோடு அரை மணி ஆனது எனக்கு. மேலே மரத்தால் ஒரு மண்டபம். கீழே ஆறு, பாலம், பியோதோயின் கூரை. எதிர்ப்பக்கம் ஒரு பள்ளி மாணவி தனியாக உட்கார்ந்து ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தாள். தோலைக் கைக்குட்டையில் மடித்து வைத்த விதத்தைப் பார்த்தபோது, இதை உட்கார்ந்து வரைந்தவர்கள்தான் அவர்கள் என்று தோன்றியது.

எழுதத் தயங்குகிற பகுதிக்கு வந்துவிட்டேன். 2019 ஜூலை 18. கியோத்தோவின் ஃபுஷிமியில் இருந்த அவர்களுடைய ஒன்றாம் எண் ஸ்டூடியோவுக்குள் ஒருவன் பெட்ரோலைக் கொட்டிக் கொளுத்தினான். தன் கதையைத் திருடிவிட்டார்கள் என்று அவனாக நினைத்துக்கொண்டானாம். காலை பத்தரை மணி, வேலை நேரம், உள்ளே எழுபது பேர். 36 உயிர்கள் போய்விட்டன. அவனுக்கு 2024 ஜனவரியில் நீதிமன்றம் மரண தண்டனை விதித்தது. அவனைப் பற்றி எழுத எனக்கு அதற்கு மேல் எதுவும் இல்லை.

கிகாமி போனார். 2003-இல் அந்த முதல் தொடரை இயக்கிய யசுஹிரோ தகெமோதோ போனார். கோயே நோ கதாச்சியின் பாத்திரங்களை வடிவமைத்த ஃபுதோஷி நிஷியா, முப்பத்தேழு வயது. நவோமி இஷிதா என்று ஒருவர், கலர் டிசைனர். ஹருஹிக்கும் கோயே நோ கதாச்சிக்கும் எந்த நிறம் எங்கே என்று முடிவு செய்தவர். உஜி வீட்டில் பின்பக்கம் திருப்பி வண்ணம் பூசிய அந்தப் பெண்களின் வழியில் வந்தவர் என்றுதான் அவரை நான் நினைத்துக்கொள்கிறேன். இறந்தவர்களில் பெண்கள்தான் அதிகம். பலர் இருபதுகளில் இருந்தவர்கள், யாழினி வயது. கட்டடம் போனால் கட்டலாம். உலகம் முழுக்க ஜனங்கள் 330 கோடி யென்னுக்கு மேல் அனுப்பினார்கள், அதில் எந்தக் குறையும் இல்லை. ஒருவர் பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்து முப்பது வருஷமாகக் கைமாற்றியதை எந்தப் பணத்தால் வாங்குவது?

அதே 2019 செப்டம்பரில் வயலட் எவர்கார்டனின் ஒரு படம் வெளியானது. வழக்கமாக ஒரு வருஷமாவது வேலை பார்த்தவர்கள் பேரைத்தான் கடைசியில் போடுவார்களாம். இந்த முறை இயக்குநர் ஹருகா ஃபுஜிதா, வேலையில் கைவைத்த எல்லோர் பேரையும் போட்டார். புதிதாகச் சேர்ந்து அதற்குள் போய்விட்ட பிள்ளைகளின் பேரும் ஒருமுறை திரையில் ஏறியது. கோமதி, நாம் மூன்று வருஷம் வேலை பார்த்தோமே, எந்தப் படத்திலாவது உன் பேரோ என் பேரோ வந்ததுண்டா? கடைசி இரண்டு மாதக் கூலிகூடக் கொடுக்காமல் மூடிவிட்டுப் போனார்கள்.

நிறுத்தவில்லை அவர்கள். 2020-இல் அடுத்த வயலட் படம் வந்தது. 2021-இல் மறுபடி டிவி தொடர் வந்தபோது, பாதியில் விட்டுப்போன தகெமோதோ பேரைத் தொடர் இயக்குநர் என்று வைத்துக்கொண்டு, தட்சுயா இஷிஹாரா அதை இயக்கினார். இந்த ஜூலையில்கூடப் புதுத்தொடர் வந்தது. நான் தீப்பிடித்த இடத்துக்குப் போகவில்லை. சுற்றிலும் ஜனங்கள் குடியிருக்கிற தெரு. உஜி ஆற்றுப் பக்கத்துப் பூங்காவில் போன வருஷம் ஒரு நினைவுச்சின்னம் வைத்திருக்கிறார்கள், 36 பறவைகள். அதன் முன்னால் நின்றேன். யாரோ ஒரு சின்னக் கொத்துப் பூ வைத்துவிட்டுப் போயிருந்தார்கள். பிள்ளை ஒன்றும் கேட்காமல் தண்ணீர் பாட்டிலைக் கொடுத்தான்.

யாழினி விஷயம். கூலி எவ்வளவு என்று முதலில் கேட்காதே. அவள் வரைந்ததை யார் பார்ப்பார், பார்த்துவிட்டு அவளோடு உட்கார்ந்து திருத்துவாரா, அதைக் கேள். திருத்திய ஃபிரேமுக்குக் காசு உண்டா என்று கேள். பெயர் போடுவார்களா என்று கேள். அப்படி யாரும் இல்லை, ஃபைலை அனுப்பிவிட்டால் போதும் என்றால் வேண்டாம்டி. சென்னையில் சம்பளம் குறைவானாலும் நாலு பேர் உட்கார்ந்து வரைகிற இடமாகத் தேடட்டும். விசாரிக்க நம்மோடு இருந்த இரண்டு பேர் இன்னும் அந்தப் பக்கம் இருக்கிறார்கள், நான் பேசுகிறேன்.

அவள் வரைந்த நடை ஒன்று, ஓட்டம் ஒன்று, இரண்டையும் எனக்கு அனுப்பச் சொல். தை பிறந்ததும் திருநெல்வேலி வருகிறேன். உன் பழைய லைட் பாக்ஸ் பரணில் கிடந்தால் எடைக்குப் போட்டுவிடாதே. கண்ணாடி மட்டும் மாற்றினால் போதும் என்றுதான் நினைக்கிறேன், இங்கே கடை ஒன்று தெரியும். அளவு எடுத்து எழுது.

அன்புடன்,
மங்கை