தாளிச்சிடாத, சொல்லிட்டேன்

பாப்பா,

எத்தியோப்பியாக்காரங்க செய்யற கிக் அலிச்சா, அதான் காரமில்லாத மஞ்சள் பருப்புக் குழம்பு, அதை எப்படி செய்யறதுன்னு வாய்ஸ் நோட்ல கேட்டிருந்தியே, நான் டைப் பண்ணியே அனுப்பறேன், போனை மிக்ஸி மேல சாய்ச்சு வச்சுக்கிட்டு பார்த்து பார்த்து செய்யலாம் பாரு. கிக் அலிச்சாவுக்கு துவரம்பருப்பு எடுத்துடாத, கடலைப்பருப்பும் வேண்டாம், மஞ்சள் பட்டாணிப் பருப்புன்னு கேட்டு வாங்கு, புனே கடையிலயும் கிடைக்கும். ரெண்டும் பார்க்க ஒண்ணு மாதிரி இருக்கும், கடலைப்பருப்பு கொஞ்சம் சுருங்கின மாதிரி இருக்கும், இது வழுவழுன்னு இருக்கும், அவ்வளவுதான். ஒரு கப் கழுவி ஒரு மணி நேரம் ஊறட்டும். நான் இங்க குக்கர்ல வைக்கிறேன், ஏன்னா அடிஸ் அபாபா 2,300 மீட்டர் உயரத்துக்கு மேல இருக்கு, தண்ணி 92 டிகிரி கிட்டயே கொதிச்சிடுது, பருப்பு சட்டியில லேசுல வேகாது. உனக்கு அந்தப் பிரச்சனை இல்ல, சட்டியே போதும், குக்கர்ல வச்சா கூழாயிடும்.

இப்ப வெங்காயம், விஷயமே இதுலதான் இருக்கு. ரெண்டு பெரிய சிவப்பு வெங்காயம், நைஸா நறுக்கணும், நீ நறுக்கற மாதிரி நீள நீளமா இல்ல. அடி கனமான சட்டியில எண்ணெய் இல்லாம போடு. ஆமாடி, எண்ணெய் இல்லாம. சின்னத் தீயில கிளறிக்கிட்டே இருந்தா அதோட தண்ணியிலயே வதங்கும், பிடிக்கற மாதிரி இருந்தா ரெண்டு ஸ்பூன் தண்ணி தெளி, நிறம் மாறக்கூடாது, குழைஞ்சா போதும். பக்கத்து வீட்டு அம்மா இதை அவசரமே படாம பண்ணுவாங்க, பாதி நேரம் ஜன்னல் வழியா தெருவுல போறவங்களோட பேச்சு வேற. அப்புறம்தான் கால் கப் எண்ணெய், தட்டின பூண்டு, இஞ்சி, முக்கால் ஸ்பூன் மஞ்சள்தூள். பச்சை வாசனை போனதும் பருப்பைப் போட்டு மூணு கப் சுடுதண்ணி விட்டு மூடி வை. வெந்து கெட்டியாகணும், ஆனா அங்கங்க பருப்பு முழுசா தெரியணும். உப்பு கடைசியில, கீறின பச்சைமிளகாயும் கடைசியில போட்டு மூடி அடுப்பை அணைச்சிடு. கடுகு, பெருங்காயம், கறிவேப்பிலை, தக்காளி, ஒண்ணும் கிடையாது. உன் கை சும்மா இருக்காது, தாளிப்பு கரண்டியைத் தேடும், எனக்குத் தெரியும். தாளிச்சா அது நம்ம வீட்டுக் கூட்டு, நல்லாத்தான் இருக்கும், ஆனா உன் ஃப்ரெண்ட்ஸ்கிட்ட எத்தியோப்பியா சாப்பாடுன்னு சொல்லாத.

நெய் ஊத்தலாமான்னு கேட்டே. இங்க மசாலா போட்டு உருக்கின வெண்ணெய், அதான் நிட்டர் கிபே, அதை விரதம் இல்லாத நாள்ல சிலர் ஊத்துவாங்க. புதன், வெள்ளி விரதத்துலயும் ஈஸ்டருக்கு முன்னாடி வர்ற 55 நாள் விரதத்துலயும் ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவங்க பால், முட்டை, வெண்ணெய் எதையும் தொடமாட்டாங்க, வெறும் எண்ணெய்தான். அதனாலதான் சைவம் சாப்பிடற நமக்கு இந்த ஊர்ல சாப்பாட்டுக் கவலையே இல்லாம போச்சு, புதன்கிழமை எந்த ஹோட்டலுக்குப் போனாலும் பெயாய்நெட்டு கேட்டா போதும், ஒரே இஞ்செரா மேல, அதான் அவங்க புளிச்ச மாவு தோசை, மிசிர் வொட்ங்கற காரமான மசூர் பருப்புக் குழம்பு, கிக் அலிச்சா, கீரை, முட்டைக்கோஸ், கடலை மாவுக் குழம்பு மாதிரி ஷிரோன்னு வட்டமா வச்சுத் தருவாங்க. காரமான மிசிருக்கு நடுவுல நாக்குக்கு ஆறுதல் இந்த மஞ்சள் ஒண்ணுதான், அதனால இதுல பெர்பெரே, அதான் அவங்க மிளகாய் மசாலாப்பொடி, போட்டு காரமாக்கணும்னு நினைக்காத. போட்டா அது கிக் வொட், வேற ஐட்டம், அதையும் ஒரு நாள் செய்.

இஞ்செராவுக்கு டெஃப்ங்கற பொடி தானியத்தோட மாவு அங்க தேடி அலையாத. கேழ்வரகு இங்கயும் விளையுது, டகுசான்னு சொல்வாங்க, டெஃப்போட கலந்து இஞ்செரா சுடுறதும் உண்டு. அதனால கேழ்வரகு மாவை ரெண்டு நாள் நல்லா புளிக்க வச்சு தோசைக்கல்லுல மெல்லிசா ஊத்தி மூடி ஒரு பக்கம் மட்டும் வேக விடு, திருப்பிப் போடாத. கொஞ்சம் கோதுமை மாவு சேர்த்தா பிய்யாது. எல்லாருக்கும் ஒரே தட்டுதான், தனித்தனியா பிளேட் வைக்காத, யாராவது கூச்சப்பட்டா நீயே முதல் வாய் ஊட்டி விடு, இங்க குர்ஷா குடுக்கற மாதிரி.

பெர்பெரே அப்பா அடுத்த மாசம் வரும்போது குடுத்து விடறேன், ஃப்ரிட்ஜ்ல வை. வெங்காயம் வதங்கினதும் ஒரு போட்டோ அனுப்பு, பார்த்துட்டு சொல்றேன் எண்ணெய் ஊத்தலாமான்னு.

அம்மா