ஜோங்னோ ரவுடிக்குப் பொன்னாடையா?

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழில் பழைய கொரியச் சண்டைப் படங்கள் பற்றிய கட்டுரையை ஆசையாகப் படித்தேன். ஆனால் இம் க்வோன்-டேக் எடுத்த ‘தளபதியின் மகன்’ படத்தை ‘தேசபக்திப் படம்’ என்று ஒரே வரியில் முடித்துவிட்டார் கட்டுரையாளர். எனக்கு ஒப்பவில்லை. அது முதலில் ரவுடிகளின் படம்.

கதை நடப்பது ஜப்பானியர் ஆட்சியில் இருந்த சியோலில். நகரின் நடுவே ஓடும் சோங்கேசோன் ஓடைக்கு வடக்கே ஜோங்னோ, கொரியர்களின் கடைவீதி. தெற்கே ஜப்பானியர்களின் ஹொன்மாச்சி. வடக்கே கதாநாயகன் கிம் டு-ஹானின் ஆட்கள், தெற்கே எதிரி ஹயாஷியின் ஆட்கள். இருவருமே நிஜத்தில் வாழ்ந்த ரவுடித் தலைவர்கள். எந்தத் தெருவில் யார் மாமூல் வாங்குவது என்பதும் மானப் பிரச்சினையும் ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கின்றன. படத்தின் ருசியே அந்தக் கலப்புதான். (அந்த ஹொன்மாச்சிப் பகுதிதான் பின்னாளில் சுங்முரோ ஆகி, நம் கோடம்பாக்கம் மாதிரி சினிமாவுக்கே பெயராகிவிட்டது.)

தலைப்பில் வரும் தளபதி, கிம்மின் அப்பா கிம் ஜ்வா-ஜின். 1920-ல் மஞ்சூரியாவில் ஜப்பானியப் படையோடு மோதியவர். அப்பா பெயர் பின்னால் நிற்பதால் மகன் விடும் உதைக்கெல்லாம் ஒரு மரியாதை கிடைத்துவிடுகிறது. நிஜ ஹயாஷியே ஜப்பானியப் பெயர் வைத்துக்கொண்ட கொரியர்தான் என்கிறார்கள். படத்தில் அவர் அசல் ஜப்பானியர். உள்ளபடி காட்டியிருந்தால் கைதட்டல் பாதியாகியிருக்கும்!

விடுதலைக்குப் பிறகு இதே கிம் வலதுசாரி இளைஞர் படையோடு சேர்ந்து இடதுசாரிகளை அடித்து நொறுக்கினார். அப்புறம் எம்.பி. ஆனார். 1966-ல் ‘சாக்கரின்’ என்ற செயற்கை இனிப்பைக் கடத்திய விவகாரத்தில் கோபம் தலைக்கேறி, நாடாளுமன்றத்திலேயே மந்திரிகள் மேல் மலத்தை வீசினார். இப்படிப்பட்ட ஆளைத் தியாகி வரிசையில் உட்கார வைத்தால் அவருக்கே சிரிப்பு வரும்.

இதற்காகப் படத்தைக் குறை சொல்கிறேன் என்று நினைக்க வேண்டாம். பார்க் சாங்-மின் உள்ளிட்ட புதுமுகங்களைத் தேர்வு வைத்து எடுத்திருக்கிறார்கள். கையும் காலும்தான் பேசுகின்றன. அடி வாங்கியவன் விழுந்தால் நமக்கும் வலிக்கிறது. சியோலில் மட்டும் 6.7 லட்சம் பேருக்கு மேல் பார்த்து, கொரியப் படங்களில் அதுவரை இருந்த வசூல் சாதனையை உடைத்தது. ஓடிய தியேட்டர் தான்சோங்சா. அதுவும் ஜோங்னோவில்தான். படத்தில் அடிதடி நடக்கும் அதே பேட்டைக்குள் உட்கார்ந்து பார்த்தவர்களை நினைத்தால் பொறாமையாக இருக்கிறது.

அப்புறம், ஒரு சின்னத் திருத்தம். படம் வந்தது 1990-ல். கட்டுரையில் இருக்கும் 1991, இரண்டாம் பாகம் வந்த ஆண்டு.

இப்படிக்கு,
ஒரு வாசகர், தஞ்சாவூர்