எல்லாமே 'கசிவு' தானா? தமிழ்ச் செய்தி ஆசிரியர்களுக்கு ஒரு திறந்த மடல்

நாளிதழ், தொலைக்காட்சிச் செய்தி ஆசிரியர்களுக்கு வணக்கம்.

குழாய் உடைந்து தெருவே மிதந்தாலும் உங்கள் தலைப்பில் 'குடிநீர்க் கசிவு'. ஆலையிலிருந்து வாயு பீறிட்டாலும் 'வாயுக் கசிவு'. கசி என்ற வினை இவ்வளவு பாரம் தாங்காது.

நுண்துளை வழியே ஈரம் மெல்ல வெளிப்படுவதுதான் கசிவது. மண்பானை கசியும், கசிந்த நீர் ஆவியாவதால்தான் உள்ளே தண்ணீர் குளிர்கிறது. வேம்பில் பிசின் கசியும். மழைக்காலத்தில் உப்பு கசியும். மனசு இளகுவதற்கும் இதே சொல்தான்: ஏழாம் நூற்றாண்டிலேயே சம்பந்தர் 'காதலாகிக் கசிந்து கண்ணீர் மல்கி' என்று பாடிவிட்டார். அங்கே முதலில் கசிவது உள்ளம். கண்ணீர் பிறகுதான் வருகிறது. இதன் பக்கத்துச் சொல் பொசி. நெல்லுக்கு இறைத்த நீர் வாய்க்கால் வழியோடிப் புல்லுக்கும் பொசியும் என்கிறது மூதுரை. வாய்க்காலில் ஓடுகிறது, புல்லுக்குப் பொசிகிறது. ஒரே வெண்பாவுக்குள் இரண்டையும் கலக்காமல் வைத்திருக்கிறார் ஔவையார்.

அணைப் பொறியாளர்களும் இதில் கறார்தான். முல்லைப் பெரியாற்றில் 'கசிவு நீர்' நிமிடத்துக்கு எத்தனை லிட்டர் என்று அளக்கிறார்கள். அது சரியான பயன்பாடு.

போபாலுக்கு வருவோம். 1984 டிசம்பர் 2 இரவு, யூனியன் கார்பைடு ஆலையின் தொட்டிக்குள் தண்ணீர் புகுந்து, வெப்பமும் அழுத்தமும் ஏறி, சுமார் 40 டன் மீதைல் ஐசோசயனேட் வெளியேறி ஊருக்குள் பரவியது. ஆயிரக்கணக்கானோர் செத்தார்கள். இன்றுவரை நமக்கு அது 'விஷவாயுக் கசிவு'. 2017 ஜனவரியில் எண்ணூர் அருகே இரண்டு கப்பல்கள் மோதிக் கடலில் எண்ணெய் கொட்டியது. ஆட்கள் வாளி வாளியாக அள்ளினார்கள். அதுவும் 'எண்ணெய்க் கசிவு'! வாளி போட்டு அள்ளுவதைக் கசிவு என்று எந்த வீட்டிலாவது சொல்வார்களா?

அளவைவிட எனக்கு உறுத்துவது வேறு. கசி, தானாக நடப்பதைச் சொல்லும் வினை; செய்த ஆளுக்கு அதில் இடமே இல்லை. 2024 நீட் வினாத்தாள் ஜார்க்கண்டின் ஹசாரிபாக்கில் பெட்டியிலிருந்து திருடப்பட்டதாக சிபிஐ சொன்னது. அப்புறமும் 'வினாத்தாள் கசிந்தது' என்றால், காகிதத்துக்கே வியர்த்துவிட்டது போல இருக்கிறது. ஆங்கிலத்தில் 'லீக்' வந்த இடத்திலெல்லாம் கண்ணை மூடிக்கொண்டு இதையே போடுகிறோம் என்று நினைக்கிறேன்.

அடுத்த முறை 'கொட்டியது', 'பீறிட்டது', 'திருடப்பட்டது' என்று எழுதிப் பாருங்கள். தலைப்பில் இடமும் அதிகம் பிடிக்காது.

இப்படிக்கு,
தினமும் உங்கள் தலைப்புகளைப் படிக்கும் வாசகர்