1964 ஒப்பந்தக் கோப்புகளைத் தமிழில் திறந்து வையுங்கள்

இந்திய வெளியுறவு அமைச்சகத்துக்கும் தேசிய ஆவணக் காப்பகத்துக்கும் வணக்கம்.

1964 அக்டோபர் 30 அன்று டெல்லியில் இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் செய்துகொண்ட ஒப்பந்தத்தைப் பற்றி எழுதுகிறேன். இலங்கையில் எந்த நாட்டுக் குடியுரிமையும் இல்லாமல் இருந்த இந்திய வம்சாவளியினர் 9,75,000 பேர் என்று இரண்டு அரசுகளும் கணக்கு வைத்துக்கொண்டன. பெரும்பாலும் தோட்டத் தொழிலாளர் குடும்பங்கள். அவர்களில் 5,25,000 பேரை இந்தியா ஏற்கும், 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை தரும், மிச்சம் 1,50,000 பேரைப் பற்றி அப்புறம் பேசிக்கொள்ளலாம் என்று முடிவானது. அந்த 5,25,000க்குள் வந்தவர்கள்தான் என் தாத்தாவும் பாட்டியும் அப்பாவும் அத்தையும். நான் நீலகிரியில் பிறந்தவன்.

இந்த எண்கள் எப்படி வந்தன என்று சொல்லும் கோப்புகளை முழுத் தொகுப்பாகத் தமிழிலும் வெளியிடுங்கள் என்று கேட்கத்தான் இந்த மடல். பேச்சுவார்த்தைக் குறிப்புகள், கொழும்புத் தூதரகம் அனுப்பிய கடிதங்கள், சென்னை மாநில அரசோடு நடந்த கடிதப் போக்குவரத்து, எல்லாம்தான்.

1964க்கு முன்னால் இந்தியா இப்படி ஆட்களைப் பங்கு போட்டுப் பேசவில்லை. அதனால்தான் இவ்வளவு வற்புறுத்திக் கேட்கிறேன். இலங்கை சுதந்திரம் பெற்ற 1948ஆம் ஆண்டிலேயே வந்த குடியுரிமைச் சட்டம், தகப்பன், இல்லையென்றால் பாட்டனும் பூட்டனும், இலங்கையில் பிறந்ததற்குச் சான்று கேட்டது. தோட்டத்து வரிசை வீடான லயத்து அறையில் பிறந்தவர்களில் எத்தனை பேரிடம் அப்படி ஒரு காகிதம் இருந்திருக்கும்? 1947 தேர்தலில் தங்கள் கட்சியான இலங்கை இந்தியக் காங்கிரஸிலிருந்து ஏழு பேரை நாடாளுமன்றத்துக்கு அனுப்பிய மக்கள், 1949இல் வாக்குரிமையையும் இழந்தார்கள். அதே 1949இல் வந்த இந்திய, பாகிஸ்தானிய வதிவாளர் சட்டம் ஒரு சின்னக் கதவைத் திறந்தது. 1946க்கு முன் மணமானவர் 7 ஆண்டும் மணமாகாதவர் 10 ஆண்டும் தொடர்ந்து இலங்கையில் வசித்ததை நிரூபித்தால் பதிவு செய்துகொள்ளலாம். எட்டு லட்சத்துக்கும் மேற்பட்டோர் அந்தக் கதவைத் தட்டினார்கள். உள்ளே போக முடிந்தது சுமார் 1,34,000 பேருக்கு மட்டும்.

இந்தக் காலம் முழுக்க நேருவின் நிலை தெளிவாக இருந்தது. அங்கேயே பிறந்து வளர்ந்து உழைப்பவர்கள் இலங்கைக்கு உரியவர்கள். இந்திய அரசியல் சட்டத்தின் 8ஆவது பிரிவின்படி தாங்களே விரும்பிப் பதிந்துகொண்டவர்களைத் தவிர வேறு யாரையும் இந்தியக் குடிமக்களாகக் கருத முடியாது. இலங்கைப் பிரதமர்களான டி.எஸ். சேனநாயக்கவோடு 1947 டிசம்பரிலும் டட்லி சேனநாயக்கவோடு 1953இல் லண்டனிலும் பேசியபோது இதிலிருந்து அவர் நகரவில்லை. 1954 ஜனவரியில் அடுத்த பிரதமர் சர் ஜான் கொத்தலாவலையோடு ஓர் உடன்பாடு வந்தது. ஆனால் இலங்கை யாரையெல்லாம் நிராகரிக்கிறதோ அவர்கள் எல்லோரும் இந்தியரே என்று கொத்தலாவலை அதற்குப் பொருள் சொன்னார். நேரு அதை ஏற்கவில்லை. அதே ஆண்டு அக்டோபரில் இருவரும் மறுபடி சந்தித்தபோது, இந்த அடிப்படைக் கருத்து வேறுபாட்டை எழுத்திலேயே பதிவு செய்துவிட்டுப் பிரிந்தார்கள்.

1964 மே 27 அன்று நேரு மறைந்தார். ஐந்தே மாதத்தில், ஆட்களின் எண்ணிக்கையைப் பங்கு போடும் ஒப்பந்தத்தில் இந்தியா கையெழுத்திட்டது. இடையில் என்ன மாறியது?

வெளியே தெரியும் காரணங்கள் இருக்கின்றன. 1962 சீனப் போருக்குப் பிறகு பக்கத்து நாடுகளின் நட்பு டெல்லிக்கு அவசரத் தேவையாகிவிட்டது. அந்தப் போரில் சமரசம் தேடி இலங்கை உட்பட ஆறு அணிசேரா நாடுகளை டிசம்பரில் கொழும்பில் கூட்டியவர் சிறிமாவோதான். இலங்கைக்கும் சீனாவுக்கும் 1952 முதலே ரப்பருக்கு அரிசி என்ற வர்த்தக உறவு இருந்தது. ஒப்பந்தத்துக்கு இரண்டு வாரம் முன்னால், அக்டோபர் 16 அன்று, சீனா முதல் அணுகுண்டைச் சோதித்தது. புதிய பிரதமர், புதிய வெளியுறவு அமைச்சர் ஸ்வரண் சிங், தீராத ஒரு தலைவலியை முடித்துவிட வேண்டும் என்ற எண்ணம். எல்லாம் சரி. ஆனால் முதலில் எந்த எண்ணை யார் சொன்னார்கள்? எந்த எண்ணிலிருந்து எந்த எண்ணுக்கு இறங்கினார்கள்? பக்தவத்சலம் முதல்வராக இருந்த சென்னை மாநில அரசு டெல்லிக்கு என்ன எழுதியது? தோட்ட மக்களுடைய விருப்பத்தைக் கேட்க வேண்டும் என்று ஓர் அதிகாரியாவது குறிப்பு எழுதினாரா? இதையெல்லாம் நாங்கள் ஊகித்துக்கொண்டே இருக்க வேண்டியதில்லை.

ஒப்பந்தம் இரு பிரதமர்களின் கடிதப் பரிமாற்றம்தான். சில பக்கங்கள். அதைப் பலமுறை வாசித்திருக்கிறேன். 15 ஆண்டுகளில் படிப்படியாக நடக்க வேண்டும் என்று இருக்கிறது. இலங்கை குடியுரிமை தருவதும் இந்தியாவுக்கு ஆட்கள் போவதும் அதே விகிதத்தில் நடக்க வேண்டும் என்று இருக்கிறது. ஒரு குடும்பம் கொண்டுபோகக்கூடிய சொத்தின் உச்சவரம்பை 4,000 ரூபாய்க்குக் கீழே குறைக்கக் கூடாது என்றுகூட எழுதியிருக்கிறார்கள். யார் போவது, யார் இருப்பது என்பதை எப்படி முடிவு செய்வது, ஒருவர் போக மறுத்தால் என்ன என்பதைப் பற்றி ஒரு வரி இல்லை. தொண்டமானும் அப்துல் அஸீஸும் இந்த மக்களின் தொழிற்சங்கத் தலைவர்களாக அப்போது கொழும்பிலேயே இருந்தார்கள். ஒப்பந்தத்தில் அவர்களுக்கு இடமில்லை. பின்னால் விண்ணப்பம் கேட்டபோது, இலங்கைக் குடியுரிமைக்கு எழுதிப் போட்டவர்கள் ஒதுக்கிய எண்ணிக்கையைவிட மிக அதிகம். இந்தியாவைக் கேட்டவர்கள் ஒதுக்கியதைவிடக் குறைவு. முன்கூட்டியே கேட்டிருந்தால் மக்கள் இதைத்தான் சொல்லியிருப்பார்கள்.

எங்கள் வீட்டுத் தகரப் பெட்டியில் இந்தியத் தூதரகத்தின் கண்டி அலுவலகம் வழங்கிய தாத்தாவின் பாஸ்போர்ட்டும் குடும்ப அட்டையும் இருக்கின்றன. அட்டையில் ஆட்களின் பெயர், வயது, உறவுமுறை. அத்தைக்கு எட்டு வயது என்று போட்டிருக்கிறது. தலைமன்னாரிலிருந்து ராமானுஜம் கப்பலில் ராமேஸ்வரம் வந்து, அங்கிருந்து மண்டபம் முகாமுக்குப் போயிருக்கிறார்கள். அந்த முகாமே ஒரு காலத்தில் இலங்கைக்கு ஆள் கொண்டுபோகும்போது நோய்த் தடுப்புக்காகத் தங்கவைக்க இலங்கை அரசு நடத்தியது. போன தலைமுறையும் திரும்பிய தலைமுறையும் ஒரே இடத்தில் வரிசையில் நின்றிருக்கிறது. தாத்தா அப்புறம் தமிழ்நாடு அரசின் தேயிலைத் தோட்டக் கழகமான டான்டீயில் கொழுந்துத் தோட்ட வேலைக்கு வந்தார். அவருக்குச் சேர வேண்டிய சேமலாப நிதி (பி.எஃப்.) கடைசிவரை முழுதாக வரவில்லை. அதற்காக இப்போது யாரிடமும் கணக்குக் கேட்க வரவில்லை. ஏன் கப்பலேற வேண்டியிருந்தது என்ற அவருடைய கேள்விக்கு உங்கள் அலமாரிகளில் பதில் இருக்கிறது என்பதால் எழுதுகிறேன்.

சட்டம் உங்களுக்குத் தடையாக இல்லை. 1993ஆம் ஆண்டின் பொது ஆவணச் சட்டமும் 1997இல் வந்த விதிகளும் 25 ஆண்டு கடந்த நிரந்தர ஆவணங்களைத் தேசிய ஆவணக் காப்பகத்துக்கு மாற்றச் சொல்கின்றன. தகவல் உரிமைச் சட்டத்தின் 8(3) பிரிவு 20 ஆண்டு கடந்த தகவல்களைத் தரச் சொல்கிறது. வெளிநாட்டு உறவைப் பாதிக்கும் தகவலுக்கு அதில் விலக்கு உண்டு, தெரியும். ஆனால் 60 ஆண்டுக்கு முந்தைய இந்தப் பேரம் வெளிவருவதால் இன்று எந்த உறவு கெட்டுவிடும்? 5,25,000 என்பதில் இப்போது ராஜதந்திர ரகசியம் என்ன மிச்சம்? அமெரிக்க வெளியுறவுத் துறை 1861 முதல் தன் ஆவணங்களைத் தொகுதி தொகுதியாக அச்சிட்டு வருகிறது. தங்களுக்குச் சங்கடமான பக்கங்களும் அவற்றில் உண்டு. நம்மிடம் ஆங்கிலத்தில் சில ஆவணத் தொகுப்புகள் வந்திருக்கின்றன, மறுக்கவில்லை. ஆய்வாளர் கைக்கு அவை எட்டும். கூடலூரிலும் கோத்தகிரியிலும் டான்டீ குடியிருப்புகளில் இருப்பவர்களுக்கு எட்டாது. 1964இல் இருபது வயதில் இருந்தவருக்கு இப்போது எண்பது தாண்டிவிட்டது. தாமதிக்க நேரமில்லை.

1947 டிசம்பர் பேச்சு தொடங்கி, விட்டுவைத்த 1,50,000 பேரை ஆளுக்கு 75,000 என்று இந்திரா காந்தியும் சிறிமாவோவும் பிரித்துக்கொண்ட 1974 வரை, கோப்புகள் ஒரே தொகுப்பாக வரட்டும். தமிழில் வரட்டும். சிங்களத்திலும் வந்தால் இன்னும் நல்லது.

அதோடு, கண்டி அலுவலகத்தின் விண்ணப்பப் பதிவேடுகளை, சம்பந்தப்பட்ட குடும்பத்தாராவது பார்க்கும்படி செய்யுங்கள். இது வரலாற்று ஆர்வத்துக்காக மட்டும் கேட்பதில்லை. 1983 கலவரத்துக்குப் பிறகு படகேறி வந்த இந்திய வம்சாவளியினர் பலர் தமிழ்நாட்டு முகாம்களில் இன்னும் அகதிகளாகவே பதிவாகியிருக்கிறார்கள். 2019இல் சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை அப்படிப்பட்டவர்களின் குடியுரிமைக் கோரிக்கையைப் பரிசீலிக்கச் சொன்னது. தாயோ தகப்பனோ இந்தியக் குடியுரிமைக்கு விண்ணப்பித்த தேதியும் எண்ணும் அந்தப் பதிவேட்டிலிருந்து கிடைத்தால், அது அவர்கள் மனுவோடு சேர்க்க வேண்டிய காகிதம்.

இப்படிக்கு,
தாயகம் திரும்பியோர் குடும்பத்தைச் சேர்ந்த ஒருவன்,
நீலகிரி