சண்டை இல்லாத நாட்களையும் படி

அன்புள்ள கார்த்திக்,

நீ அனுப்பிய முதல் உலகப் போர்ப் புத்தகங்கள் வந்து சேர்ந்தன. அப்பா வரைபடங்களை மட்டும் புரட்டிப் பார்த்து, "இவ்வளவு பேரைப் பகலில் நடக்க விட்டிருக்கக் கூடாது" என்று தீர்ப்புச் சொல்லிவிட்டுத் தோட்டத்துக்குப் போய்விட்டார். முழுசாகப் படித்தது நான்தான்.

எந்தப் படை எந்தப் பக்கம் திரும்பியது என்பதெல்லாம் என் மண்டையில் ஏறவில்லை. பதுங்குகுழியில் கிடந்த பையன்கள் பொழுதை எப்படித் தள்ளினார்கள் என்பதில்தான் கண் போனது. பிரிட்டிஷ் பட்டாலியன் ஒன்று முன்வரிசையில் சில நாள் இருக்கும், பிறகு பின்வரிசை, அப்புறம் ஓய்வு, மறுபடி முன்வரிசை. பேன் பார்ப்பது, எலி அடிப்பது, பித்தளைக் குண்டுக் கூட்டைச் செதுக்கிப் பூச்சாடி செய்வது என்று நாள் போயிருக்கிறது. போர் என்றால் பெரும்பாலும் காத்திருப்பு என்பதை, பட்டாளத்துக்காரரைக் கட்டிக்கொண்டவளுக்குப் புத்தகம் சொல்லித் தர வேண்டியதில்லை.

கன்டோன்மென்ட்டில் தம்போலா ஆடுவோமே, கூப்பிடுகிற எண்ணைச் சீட்டில் அடித்துக்கொண்டே போகிற ஆட்டம், ஞாபகம் இருக்கிறதா? பிரிட்டிஷ் சிப்பாய்கள் 'ஹவுஸ்' என்று ஆடியதும் அதுதான். காசு வைத்து ஆட ராணுவம் அனுமதித்த ஆட்டம் அது. எண் கூப்பிடுகிறவர் ஒன்பது வந்தால் "டாக்டர்ஸ் ஆர்டர்ஸ்" என்பாரே, அது ராணுவ டாக்டர்கள் எந்த நோய்க்கும் நீட்டிய ஒன்பதாம் நம்பர் பேதி மாத்திரையாம். கர்னல் வீட்டு அம்மாக்கள் எவ்வளவு கௌரவமாக அதைச் சொல்லிக்கொண்டிருந்தார்கள்!

தடை செய்யப்பட்ட ஆட்டம் ஒன்றும் உண்டு, கிரவுன் அண்ட் ஆங்கர். ஒரு துணியில் கிரீடம், நங்கூரம், சீட்டுக்கட்டின் நான்கு சின்னங்கள். அதே ஆறும் போட்ட மூன்று பகடைகள். நம் பக்கத்துத் திருவிழாக்களில் போலீஸ் வருகிறதா என்று பார்த்துக்கொண்டே லங்கர் கட்டை உருட்டுவார்களே, ஏறக்குறைய அதேதான். நீ கணக்குப் போட்டுப் பார்: வைத்த சின்னம் ஒரு பகடையில் விழுந்தால் ஒரு பங்கு, இரண்டில் விழுந்தால் இரண்டு, மூன்றிலும் விழுந்தால் மூன்று. கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் நூறு ரூபாய் வைத்தால் சராசரியாக எட்டு ரூபாய் துணி விரித்தவனுக்குப் போய்விடும். நாளை உயிரோடு இருப்போமா என்று தெரியாதவனிடம் இதை யார் சொல்லி நிறுத்துவது?

நீ போனில் சிலிர்த்துப் போய்ச் சொன்ன கால்பந்துக் கதைக்கு வருகிறேன். 1916 ஜூலை 1, பிரான்ஸில் நடந்த சோம் போரின் முதல் நாள். ஈஸ்ட் சர்ரே படைப்பிரிவின் கேப்டன் நெவில் தன் ஆட்களிடம் பந்துகளைக் கொடுத்து, உதைத்துக்கொண்டே எதிரியை நோக்கிப் போகச் சொன்னார். ஒரு பந்தில் "ரெஃப்ரி கிடையாது" என்று எழுதியிருந்ததாம். அது நடந்த விஷயம்தான். இரண்டு பந்துகள் பிறகு கிடைத்தன. அந்த முனையில் மோன்டோபான் கிராமத்தையும் பிடித்தார்கள். நெவில் அன்றே செத்துப்போனார், வயது 21. பிரிட்டிஷ் தரப்பில் அந்த ஒரே நாளில் இறந்தவர்கள் 19,240 பேர்.

லண்டன் பத்திரிகைகள் இதை வீர விளையாட்டாகக் கொண்டாடின, உன் புத்தகமும் அதே தாளத்தில்தான் எழுதுகிறது. எனக்கு அப்படிப் படவில்லை. கையும் காலும் நடுங்குகிற பையன்களுக்குப் பார்க்க ஏதோ ஒன்று வேண்டும், குண்டைப் பார்க்காமல் பந்தைப் பார்க்கட்டும் என்று அந்த 21 வயதுப் பிள்ளை யோசித்திருக்கிறான். அந்தப் பயத்தை எழுதாமல் பந்தை மட்டும் எழுதினால் கதை பொய்யாகிவிடுகிறது.

அழகாக முடிகிற எந்தக் கதையிலும், இதை யார், எப்போது சொன்னார்கள் என்று கேள். மேசையில் கோலால் பந்தைத் தள்ளி ஆடுகிற ஸ்னூக்கர் 1875-இல் ஜபல்பூர் ராணுவ மெஸ்ஸில் பிறந்தது, கண்டுபிடித்தவர் நெவில் சேம்பர்லின் என்ற இளம் அதிகாரி (பிரிட்டிஷ் பிரதமராக இருந்தவர் இல்லை, இவர் வேறு) என்று எல்லாப் புத்தகமும் அடித்துச் சொல்கிறது. அந்த மனிதர் 1938-இல், கிழவரான பிறகு, ஒரு பத்திரிகைக்கு எழுதிய கடிதம்தான் அதற்குப் பெரிய ஆதாரம். பொய் என்று நான் சொல்லவில்லை. ஊட்டி கிளப்பில் அவருக்கு இன்றும் மரியாதை இருக்கிறது. அறுபது வருஷத்துக்குப் பிந்தைய ஞாபகம் என்பதையும் ஒரு வரி சேர்த்தால் என்ன குறைந்துவிடும்?

எனக்கு இன்னொரு கோபமும் உண்டு. அந்தப் போருக்கு இந்தியாவிலிருந்து கடல் கடந்து போனவர்கள் பத்து லட்சத்துக்கும் மேல். உன் தடித்த புத்தகத்தில் அவர்களுக்குக் கிடைத்தது அரைப் பக்கம். அவர்கள் ஊருக்கு எழுதிய கடிதங்களைத் தணிக்கை அதிகாரிகள் மொழிபெயர்த்துப் பகுதி பகுதியாக எடுத்து வைத்தார்கள், எழுதத் தெரியாதவர்கள் சொல்லி எழுதவைத்தவை உட்பட. அவை லண்டனில் பிரிட்டிஷ் நூலகத்தில்தான் இருக்கின்றன, உனக்கு ரயிலில் போகிற தூரம். எங்களுக்காக ஒரு சனிக்கிழமை போய்ப் பாரேன்.

இங்கிலாந்தின் தென்கரையில் இருக்கிற பிரைட்டனுக்கும் போ. அங்கே ராயல் பெவிலியன் அரண்மனையை இந்தியச் சிப்பாய்களுக்கு ஆஸ்பத்திரியாக்கி, சாதிக்கும் மதத்துக்கும் ஏற்றபடி ஒன்பது சமையலறை வைத்தார்களாம். அது அக்கறையா, விளம்பரமா என்று நீ பார்த்துவிட்டு எழுது. ஊருக்கு வெளியே மேட்டில், அங்கே இறந்த இந்து, சீக்கியச் சிப்பாய்கள் 53 பேரை எரித்த இடத்தில், சத்ரி என்று ஒரு வெள்ளை மண்டபம் இருக்கிறது. கொஞ்ச தூரம் நடக்க வேண்டும் போலிருக்கிறது, நல்ல ஷூ போட்டுக்கொண்டு போ. அப்பாவுக்கு நிறையப் படம் எடுத்து அனுப்பு, வரைபடத்தோடு.

அன்புடன்,
அம்மா